ஆயாவுக்கு வயசு எண்பது (சுமாராக!)

"இன்னா வயசு சார் போடறது?"

சுடுகாட்டு வாசலில் நீள நோட்டோடு உட்கார்ந்திருந்தவர் கேட்டார். 2020 ஜூன் மாதம். ஊரே வாயைப் பொத்திக்கொண்டு நடந்த நேரம். ராயபுரம் மண்டலம் தினமும் டி.வி.யில் வந்துகொண்டிருந்தது. கொரோனாவில் சென்னையிலேயே முதலிடம். (வேறு எதற்காவது எங்கள் ஏரியாவுக்கு முதலிடம் கொடுத்திருக்கிறார்களா, சொல்லுங்கள்!)

ஆயா மூன்று நாள் ஜுரத்தில் வீட்டிலேயே கண்ணை மூடிவிட்டாள். நாங்கள் நாலே பேர் தூக்கி வந்திருந்தோம்.

"எண்பதுன்னு போட்டுக்குங்கண்ணே" என்றேன்.

போட்டுக்கொண்டார். "டெஸ்டு எடுத்தீங்களா?"

"இல்லண்ணே."

"அப்ப மூப்புன்னு போட்டுடறேன். வயசானவங்கதானே."

அரை நிமிஷம்கூட ஆகவில்லை. ஆயாவின் மொத்த வாழ்க்கையும் ஒரு வரியில் அடங்கியது. அதில் வயசும் குத்துமதிப்பு, காரணமும் குத்துமதிப்பு. பி.காம். படித்தவன் என்கிற முறையில் எனக்கு அப்போதே கொஞ்சம் உறுத்தியது. ஒரு வவுச்சரில் இரண்டு காலம் சந்தேகமாக இருந்தால் ஆடிட்டர் விடமாட்டாரே!

காரியமெல்லாம் முடிந்தபின் டிரங்குப் பெட்டியைக் கிளறினேன். பழைய ரேஷன் கார்டுப்படி ஆயாவுக்கு 74. வாக்காளர் அட்டைப்படி 82. ஆதார் கார்டோ இன்னும் தெளிவு: பிறந்த தேதி 1943 ஜனவரி ஒன்று. ஜனவரி முதல் தேதி பிறந்த பாட்டிகள் இந்த நாட்டில் எத்தனை லட்சம் பேர் என்று யாராவது ஒரு நாள் எண்ணிப் பார்க்க வேண்டும். அன்றைக்கு மருத்துவச்சிகளுக்கெல்லாம் ஓவர்டைம் கொடுத்திருக்கவேண்டும்.

இதை நான் ஜோக்காக ஒரு நண்பரிடம் சொல்லப் போக, அவர் சிரிக்கவில்லை. பழைய வண்ணாரப்பேட்டைக்காரர். மக்கள்தொகை வரலாறு என்ற, கல்யாணச் சந்தையில் செல்லுபடியாகாத சப்ஜெக்டில் ஆராய்ச்சி செய்கிறார். நாம் ஞாயிற்றுக்கிழமை சினிமாவுக்குப் போகும் ஆவலோடு அவர் எழும்பூர் ஆவணக் காப்பகத்துக்குப் போவார். நூற்றைம்பது வருஷத்துத் தூசியைத் தட்டி, எந்த மாதத்தில் எத்தனை பேர் செத்தார்கள் என்று நோட்டில் எழுதி வருவார்.

"உன்னைத்தான்யா தேடிக்கிட்டிருந்தேன்" என்றார். "எண்பதுன்னு ஏன் சொன்னே? எழுபத்தெட்டுன்னு ஏன் சொல்லலே? எண்பத்தொண்ணுன்னு ஏன் சொல்லலே?"

"வாயில் வந்தது."

"எல்லாருக்கும் அதேதான் வருது. அதுக்கு ஒரு கணக்கே இருக்கு."

இருக்கிறது. விப்பிள் குறியீடு என்று பெயர். வயசு தெரியாத ஜனங்கள் ஐந்திலும் பூஜ்யத்திலும் முடிகிற எண்ணாகப் பார்த்துச் சொல்வார்கள். 23 வயசு முதல் 62 வரை உள்ளவர்களில் இப்படி 'ரவுண்டாக'ச் சொன்னவர்கள் எத்தனை பேர் என்று பார்ப்பது. எல்லாரும் சரியாகச் சொன்னால் ஐந்தில் ஒருவர்தான் அப்படி இருப்பார், குறியீடு 100. எல்லாருமே ரவுண்டாக அடித்துவிட்டால் 500. இந்தியாவின் பழைய சென்சஸ் புத்தகங்களைத் திறந்தால் முப்பதிலும் நாற்பதிலும் ஜனம் கோபுரமாக நிற்கும், பக்கத்தில் முப்பத்தொன்று பள்ளத்தில் கிடக்கும். முப்பது வயசுக்காரர்கள் எல்லாம் ஒரே வருஷத்தில் காணாமல் போய்விட்டார்களா என்ன!

இதற்கு ஆராய்ச்சிக்காரர்கள் வைத்திருக்கும் மருந்து அருமையானது. "உனக்கு என்ன வயசு?" என்று கேட்காதே, "எம்டன் குண்டு போட்டப்போ நீ எவ்வளவு பெரிய ஆள்?" என்று கேள். ஒவ்வொரு ஊருக்கும் இப்படி ஒரு சம்பவக் காலண்டர் போட்டுக்கொண்டு போவார்கள். எங்கள் பக்கத்துக்கு ஒன்று போட்டால் எப்படி இருக்கும்? எம்டன் கப்பல் எண்ணெய் டாங்குகளைக் கொளுத்தியது 1914 செப்டம்பர். ஜப்பான்காரன் வருகிறான் என்று பட்டணமே மூட்டை கட்டியது 1942 ஏப்ரல். எண்ணூரில் அசோக் கம்பெனி மோட்டார் தொழில் தொடங்கியது 1948. திருவொற்றியூரில் புல்லட் மோட்டார் சைக்கிள் செய்ய ஆரம்பித்தது 1955. சுனாமி 2004. போதாதா? ஒரு ஆளின் வயசை இரண்டு வருஷ வித்தியாசத்துக்குள் பிடித்துவிடலாம்.

நண்பர் கையில் ஒரு கட்டு ஜெராக்ஸ் இருந்தது. "ஒரு வயசு தப்பா இருந்தா போவுது. ஒரு ஆளே விட்டுப்போனா?" என்று மேலே இருந்த காகிதத்தைத் தட்டினார். அதில் இருந்த பெயர் கார்னிஷ்.

* * *

டபிள்யூ.ஆர். கார்னிஷ். வெள்ளைக்கார டாக்டர். சென்னை ராஜதானியின் சுகாதாரக் கமிஷனர். 1871-ல் இந்த ராஜதானி முழுக்கத் தலைகளை எண்ணினார்கள் அல்லவா, அதற்கு அறிக்கை எழுதியவர் அவர்தான். அது 1874-ல் வெளியானது. அதன்படி ராஜதானியில் 3 கோடியே 12 லட்சம் பேர். சென்னைப் பட்டணத்தில் மட்டும் 3,97,552 பேர்.

இதை எங்கள் காமர்ஸ் பாஷையில் ஓப்பனிங் பேலன்ஸ் என்போம். மக்கள்தொகைக் கணக்கு என்பது வேறொன்றுமில்லை, லெட்ஜர்தான். ஆரம்ப இருப்பு, அதோடு பிறந்தவர்களைக் கூட்டு, செத்தவர்களைக் கழி, வந்தவர்களைக் கூட்டு, போனவர்களைக் கழி. வருவது குளோஸிங் பேலன்ஸ். டேலி ஆக வேண்டும். ஆகாவிட்டால் எங்கோ யாரோ விட்டுப்போயிருக்கிறார்கள்.

போனவர்கள் கலம் எங்கள் ஏரியாவுக்கு ரொம்பச் சொந்தம். ட்ரூரோ என்ற கப்பல் 1860 அக்டோபரில் சென்னையிலிருந்து கிளம்பி நவம்பர் 16-ந் தேதி டர்பன் போய்ச் சேர்ந்தது. நேட்டால் கரும்புத் தோட்டத்துக்குப் போன முதல் கப்பல் அது. அன்றைக்கு இங்கே துறைமுகம் என்று ஒன்று கிடையாது. கரையிலிருந்து மசூலாப் படகில் அலை மேல் தூக்கியடித்துக்கொண்டு போய்த்தான் கப்பல் ஏறவேண்டும். ஆனால் ரிஜிஸ்தர் மட்டும் பிரமாதம். பெயர், தகப்பன் பெயர், வயசு, ஜாதி, ஊர், உடம்பில் என்ன தழும்பு என்பதுவரை எழுதிவைத்தார்கள். சரக்குக்குச் சிட்டை போடுகிற புத்திதான் அது, அன்பில் எழுதியதல்ல. இருந்தாலும் இன்றைக்குத் தென்னாப்பிரிக்காவில் இருக்கும் பேரப்பிள்ளைகள் தங்கள் சொந்த ஊரைக் கண்டுபிடிப்பது அந்தச் சிட்டையை வைத்துத்தான்.

சரி, லெட்ஜருக்கு வருவோம். பத்து வருஷம் கழித்து 1881-ல் மறுபடி எண்ணினார்கள். சென்னை ராஜதானியில் 3 கோடியே 8 லட்சம். குறைந்திருக்கிறது!

நாலு லட்சம்தானே என்று நினைப்பவர்கள் கணக்கில் வீக். வருஷத்துக்கு நூற்றுக்கு அரை வீதம் வளர்ந்திருந்தால்கூட, பத்து வருஷத்தில் 16 லட்சம் கூடியிருக்க வேண்டும். அதையும் சேர்த்தால் இருபது லட்சம் துண்டு விழுகிறது. சேலம் மாவட்டத்தை மட்டும் எடுங்கள். (அன்றைய சேலம் என்றால் இன்றைய நாமக்கல், தருமபுரி, கிருஷ்ணகிரி எல்லாம் சேர்த்து.) 1871-ல் 19,66,995 பேர். 1881-ல் 15,99,595 பேர். ஏறக்குறைய ஐந்தில் ஒரு பங்கு ஆளைக் காணோம்.

எங்கே போனார்கள்? தாது வருஷப் பஞ்சம். 1876-லிருந்து 78 வரை. இன்றைக்கும் கிராமத்துக் கிழவிகள் வாயில் அந்தப் பெயர் இருக்கிறது. பஞ்சம் தாக்கிய இந்தியப் பகுதிகளில் 50 லட்சத்துக்கு மேல் பலி என்பது கணக்கு.

அந்தச் சமயத்தில் கல்கத்தாவிலிருந்து வைஸ்ராய் லிட்டன் ஓர் ஆளை அனுப்பினார். சர் ரிச்சர்ட் டெம்பிள். செலவைக் குறைக்க வந்த பெரிய மனுஷர். (எல்லா ஆபீஸிலும் இப்படி ஒருவர் வருவார், கவனித்திருப்பீர்கள்.) நிவாரண வேலை செய்கிற ஆணுக்கு நாளொன்றுக்கு ஒரு பவுண்டு தானியமும் மேலே கொஞ்சம் சில்லறையும் போதும் என்றார். ஒரு பவுண்டு என்றால் 450 கிராம் சொச்சம். அதைத் தின்றுவிட்டு நாளெல்லாம் மண் வெட்ட வேண்டும்.

கார்னிஷ் பிடித்துக்கொண்டார். இந்த ஊர் ஜனங்கள் என்ன சாப்பிடுகிறார்கள், ஜெயிலில் கைதிக்கு எவ்வளவு சோறு போடுகிறார்கள் என்றெல்லாம் பல வருஷம் முன்பே ஆராய்ந்திருந்த மனிதர். "இது உயிரோடு வைக்கிற சாப்பாடு அல்ல, ஒன்றரைப் பவுண்டு தானியம் வேண்டும், பருப்பும் காய்கறியும் வேண்டும்" என்பது அவர் கட்சி. டெம்பிள் பதில் எழுத, இவர் மறுப்பு எழுத, காகித யுத்தம். முகாம்களில் எத்தனை பேர் சாகிறார்கள் என்ற எண்ணிக்கைதான் கார்னிஷ் கையில் இருந்த ஒரே ஆயுதம். சில மாதங்களில் படியை உயர்த்த வேண்டி வந்தது. அதற்குள் செத்தவர்கள் செத்துவிட்டார்கள்.

தண்டையார்பேட்டையிலும் திருவொற்றியூரிலும் மூக்கைப் பொத்திக்கொண்டு தாண்டுகிறோமே, பக்கிங்ஹாம் கால்வாய்? எண்ணூர் வரை போகிற வடக்குப் பகுதி அதற்கும் பல வருஷம் முன்பே வெட்டப்பட்டது. அதையும் தெற்குக் கால்வாயையும் இணைக்கிற நடுத்துண்டு, பட்டணத்துக்குள் ஓடுவது, இந்தப் பஞ்சத்தில் நிவாரண வேலையாக வெட்டியதுதான். வெட்டியவர்கள் வயிற்றில் எத்தனை பவுண்டு இருந்ததோ.

பஞ்சமும் எங்கள் ஏரியாவுக்குப் புதிதல்ல. ஸ்டான்லி ஆஸ்பத்திரியைப் பழைய ஆட்கள் கஞ்சித்தொட்டி ஆஸ்பத்திரி என்பார்கள். ஹைதர் அலி சண்டையில் ஊர் பட்டினி கிடந்தபோது, 1782-ல், அங்கே கஞ்சி ஊற்ற ஆரம்பித்தார்கள். மணியக்காரர் சத்திரம். வெள்ளைக்காரன் வாயில் அது 'மானிகர் சௌல்ட்ரி' ஆயிற்று. 1799-ல் ஆஸ்பத்திரியும் வந்தது. ஸ்டான்லி என்கிற கவர்னர் பெயர் ஒட்டியதெல்லாம் 1930-களில்தான்.

இந்த மணியக்காரர் இருக்கிறாரே, அவரிடம்தான் மறுபடி வரவேண்டும். கிராமத்தில் யார் பிறந்தது, யார் செத்தது என்று ரிஜிஸ்தரில் எழுதி மேலே அனுப்பும் வேலை கிராம அதிகாரிகள் தலையில்தான் இருந்தது. சம்பளம் சொற்பம். மேலதிகாரி திட்டு தாராளம். பஞ்சத்தில் அவர்களே பாதிப் பட்டினி. வழியில் விழுந்து செத்த பரதேசியை எந்த ஊர்க் கணக்கில் எழுதுவது? விட்டார்கள். ஆகவே ரிஜிஸ்தர் குறைவாகத்தான் காட்டியது. கார்னிஷுக்கும் அது தெரியும். தெரிந்ததால்தான் 1878 மார்ச்சில் பஞ்சப் பகுதிகளில் ஒரு சோதனைக் கணக்கெடுப்பு நடத்திப் பார்த்தார்கள்.

இன்னொரு விஷயம். காரணம் என்ற கலத்தில் 'பசி' என்று எழுதுவது அபூர்வம். காலரா, ஜுரம், வயிற்றுப்போக்கு, அம்மை. பசியில் எலும்பாகக் கிடந்தவன் கடைசி நாளில் பேதியாகிச் செத்தால் அது பேதிதானே! சர்க்காருக்கும் சௌகரியம். அப்படியானால் பஞ்சத்தில் செத்தவர் எத்தனை என்று எப்படிக் கண்டுபிடிப்பது? காரணத்தை விட்டுத் தள்ளு, மொத்தத் தலையை எண்ணு. சாதாரண வருஷத்தில் இத்தனை சாவு, இந்த வருஷத்தில் இத்தனை. மிச்சம் இருப்பது பஞ்சம்.

* * *

இதோடு கதை முடிந்திருக்கும். அந்த ரிஜிஸ்தர் எண்களெல்லாம் சுகாதார அறிக்கைகளில் அச்சாகி, அலமாரியில் கரப்பானுக்கு ஆகாரமாகியிருக்கும். நூறு வருஷத்துக்குப் பிறகு லண்டனில் ஒருவர் எடுத்துத் தூசி தட்டினார். டைசன். மைக் டைசன் அல்ல, டிம் டைசன். லண்டன் ஸ்கூல் ஆஃப் எகனாமிக்ஸில் பேராசிரியர். 1991-ல் இந்தியப் பஞ்சங்களின் மக்கள்தொகை பற்றி இரண்டு நீளக் கட்டுரை எழுதினார். அதில் நம்ம 1876-78-ம் உண்டு.

மனிதர் செய்தது எளிய வேலை. மாதவாரியாகப் பிறப்பு, மாதவாரியாக இறப்பு. பிறப்பு எண்ணை ஒன்பது மாதம் பின்னுக்குத் தள்ளினால் கரு எப்போது உண்டானது என்று தெரியும். தள்ளிப் பார்த்தார். சாவு உச்சத்துக்குப் போவதற்கு எத்தனையோ மாதம் முன்பே, தானிய விலை ஏற ஆரம்பித்ததுமே, கரு உண்டாவது குறையத் தொடங்கிவிடுகிறது. கலெக்டர் 'நிலைமை கவலைக்கிடமில்லை' என்று தந்தி அடித்துக்கொண்டிருந்த சமயத்தில் குடிசைகளுக்கு விஷயம் தெரிந்துவிட்டிருக்கிறது. உடம்பு வற்றியிருக்கலாம், புருஷன் பிழைப்பு தேடிப் போயிருக்கலாம், இந்த வருஷம் வேண்டாம் என்று பயந்திருக்கலாம். யாரும் அதை எழுதிவைக்கவில்லை. ஆனால் ஒன்பது மாதம் கழித்து மணியக்காரரின் நோட்டில் ஒரு வரி வராமல் போனது. அந்த வராத வரியை ஒருவர் நூறு வருஷத்துக்கு அப்புறம் படித்திருக்கிறார்! நான் துண்டு விழுந்ததாகச் சொன்ன இருபது லட்சத்தில் இப்படிப் பிறக்காமலே போன பிள்ளைகளும் உண்டு.

இன்னும் இரண்டு தகவல். பல பஞ்சங்களில் சாவு உச்சத்துக்குப் போவது வறட்சியின்போது அல்ல, மழை வந்த பிறகு. மழையோடு கொசு, கொசுவோடு மலேரியா. மெலிந்த உடம்பு தாங்குவதில்லை. இரண்டாவது, பஞ்சத்தில் ஆண்களைவிடப் பெண்கள் கொஞ்சம் தாக்குப்பிடிக்கிறார்கள். நண்பர் இதைச் சொன்னபோது, ஒரு டம்ளர் கஞ்சியில் ஏழு பிள்ளை வளர்த்த ஆயா ஞாபகம் வந்தது.

"இதுக்கெல்லாம் பெரிய மூளை வேணுமா?" என்று நண்பரைக் கேட்டேன்.

"மூளையைவிட முதுகு வேணும்யா. உக்காந்து எழுதணும்."

இங்கிலாந்தில் 1538 முதல் ஒவ்வொரு சர்ச்சிலும் ஞானஸ்நானம், கல்யாணம், அடக்கம் மூன்றையும் எழுதிவருகிறார்கள். ராயபுரம் பக்கத்துப் பழைய சர்ச்சுகளிலும் அதே மூன்று ரிஜிஸ்தர்தான். கேம்பிரிட்ஜில் 1964-ல் ஒரு குழு தொடங்கி, அந்த ஊர்ச் சர்ச் ரிஜிஸ்தர்களை எண்ண முனைந்தது. ஆள் ஏது? உள்ளூர்க்காரர்களைக் கூப்பிட்டார்கள். ஓய்வு நேரத்தில் வந்து, அச்சடித்த படிவத்தில் மாதவாரியாக எண்ணி நிரப்பித் தந்தார்கள். 404 ஊர்கள். அதை வைத்துத்தான் ரிக்லி, ஸ்கோஃபீல்ட் என்ற இருவரும் 1981-ல் முந்நூறு வருஷத்துக்கு மேலான இங்கிலாந்து ஜனத்தொகை வரலாற்றை எழுதினார்கள். நம் ஆபீஸ் லெட்ஜரில் கூட்டல் போடத் தெரிந்த யாரும் செய்யக்கூடிய வேலை. நமக்கு ஞாயிற்றுக்கிழமை கிரிக்கெட் இருக்கிறது.

* * *

இப்போது ஆயாவின் வரிக்கு வருகிறேன்.

அதே 2020 ஜூனில் சென்னையில் ஒரு கணக்கு இடித்தது. மாநகராட்சியின் இறப்புப் பதிவேட்டில் இருக்கும் கொரோனாச் சாவு, அரசு தினமும் அறிவிக்கும் பட்டியலில் இல்லை. பேங்க் ஸ்டேட்மென்ட் ஒன்று சொல்ல, கேஷ் புக் இன்னொன்று சொன்னால் என்ன செய்வோம்? ரெகன்சிலியேஷன். அதைத்தான் செய்தார்கள். குழு போட்டு ஒப்பிட்டு, ஜூலை 22-ந் தேதி, விட்டுப்போன 444 சாவுகளைப் பட்டியலில் சேர்த்தார்கள். 444! சுடுகாட்டு நோட்டும் மாநகராட்சிப் பதிவேடும் இல்லையென்றால் அவர்கள் காற்றோடு போனவர்கள். பிற்பாடு 2021-ல் கொரோனாவில் இறந்தவர் குடும்பத்துக்கு 50,000 ரூபாய் என்று வந்தபோது, அந்த ஒரு வரிக்கு என்ன மதிப்பு என்று எங்கள் தெருவில் எல்லாருக்கும் புரிந்தது.

ஆயா அந்தப் பட்டியலில் வர வழியில்லை. டெஸ்ட் இல்லை, காரணம், மூப்பு. பணத்துக்கு நாங்கள் மனுப் போடவும் இல்லை. ஆனால் கார்னிஷ் வழியில் எண்ணினால் ஆயா உண்டு. மொத்தத் தலை, மைனஸ் சாதாரண வருஷத்துத் தலை. உலக சுகாதார நிறுவனம் 2022-ல் இந்தியாவுக்கு இப்படித்தான் கணக்குப் போட்டது. 2020, 2021 இரண்டு வருஷத்தில் வழக்கத்துக்கு மேல் போன உயிர் 47 லட்சம் என்றது. அரசின் பட்டியலில் 4.8 லட்சம். மத்திய அரசு இந்தக் கணக்கை ஒப்புக்கொள்ளவில்லை. டெம்பிளும் கார்னிஷும் ஒப்புக்கொண்டார்களா என்ன!

2021-ல் எடுத்திருக்க வேண்டிய சென்சஸ் கொரோனாவால் தள்ளிப்போயிற்று. 2027 மார்ச் ஒன்றாம் தேதியைக் கணக்கு நாளாக வைத்து எடுப்பதாக 2025-ல் அறிவித்தார்கள். 1881-லிருந்து பத்து வருஷத்துக்கு ஒருமுறை தவறாமல் போட்ட பேலன்ஸ் ஷீட், இந்த ஒரு தடவை பதினாறு வருஷ இடைவெளியில் வருகிறது. நடுவில் என்ன நடந்தது என்று பார்க்கப் போனால் மாதவாரி நோட்டுகளைத்தான் புரட்ட வேண்டும்.

வயசு விஷயம் பாக்கி இருக்கிறது. நண்பர் விடவில்லை. "ஆயா பழைய கதை ஏதாவது சொல்லுமா? யோசிச்சுப் பாரு" என்றார்.

யோசித்தேன். ஆயா ஒரே ஒரு கதையை நூறு தடவை சொல்லியிருக்கிறாள். "ஜப்பான்காரன் குண்டு போட வர்றான்னு சொல்லி ஊரே மூட்ட கட்டிக்கினு ஓடிச்சி. எங்கம்மா என்னைத் துணியில சுத்தி மார்ல கட்டிக்கினு பொன்னேரிக்கு நடந்தே பூட்டாங்க. எனக்கு அப்ப பல்லுகூட மொளைக்கல. ஜப்பான்காரன் வரவே இல்ல. திரும்பி வந்தா ஊட்ல இருந்த அண்டாவக் காணோம்."

பட்டணம் காலியானது 1942 ஏப்ரல். பல் முளைக்காத குழந்தை என்றால் ஐந்தாறு மாதம். ஆக ஆயா பிறந்தது 1941 கடைசியில். செத்தது 2020 ஜூன். நண்பர் ஜெராக்ஸின் பின்பக்கத்திலேயே கழித்துக் காட்டினார். 78.

சான்றிதழில் 80 என்று இருக்கிறது. நான் சொன்னதுதான். திருத்தலாமா என்று ஒரு நாள் விசாரித்தேன்.

"தாராளமா திருத்தலாம் தம்பி. பிறந்த தேதிக்கு அத்தாட்சி ஒரு காப்பி வச்சு எழுதிக் குடுங்க" என்றார்கள்.

வராத ஜப்பான்காரனை எங்கே போய் ஜெராக்ஸ் எடுப்பது?